நிற்கிற நேரத்துக்கு யார் கூலி கொடுப்பாங்க? - லாரி டிரைவரும் கடிகாரமும்

ரொம்ப நாளா டிராஃப்டுல தூங்கிக்கிட்டு இருந்த பதிவு இது. தூக்கத்தைப் பத்தின பதிவுங்கறதால தூங்கட்டும்னு விட்டுட்டேன் போல :-) போன மாசம் ஊருக்குப் போய் சித்தப்பாவைப் பார்த்துட்டு வந்ததுக்கு அப்புறம், இதை முடிக்காம வேற எதையும் எழுத மனசு வரலை. கொஞ்சம் நீளம். டீயோ காபியோ கையில வச்சுக்கிட்டு படிங்க மக்கா.

முதல்ல கொஞ்சம் கொசுவர்த்தி சுத்திக்கிறேன்.

எங்க ஊர் சங்ககிரி பக்கம். அந்தப் பக்கம் தெரிஞ்சவங்களுக்கு விளக்கவே வேண்டாம். சங்ககிரின்னா லாரி, திருச்செங்கோடுன்னா ரிக் வண்டி, நாமக்கல்னா பாடி கட்டுற பட்டறையும் முட்டையும். வீட்டுக்கு ஒருத்தர் ஸ்டியரிங் பிடிச்சிருப்பாங்க, இல்லைன்னா ஸ்பேனர் பிடிச்சிருப்பாங்க. எங்க வீட்டுல ஸ்டியரிங் பிடிச்சவர் சித்தப்பா. சேலத்துல ஜவ்வரிசி லோடு ஏத்திக்கிட்டு நாக்பூர் போவார். அங்கிருந்து ஆரஞ்சு ஏத்திக்கிட்டு திரும்புவார். அவர் வந்து இறங்கினா வீடு முழுக்க ஆரஞ்சு வாசனை அடிக்கும். எங்களுக்கு அதுதான் தீபாவளி.

1993 மார்கழியில, ஆதிலாபாத்துக்கு இந்தப் பக்கம், விடியக்காலை நாலு மணிக்கு, அந்த வண்டி ரோட்டோரம் நின்னுக்கிட்டிருந்த இன்னொரு லாரி மேல பின்னால போய் மோதுச்சு. சித்தப்பாவுக்கு விலா எலும்பு மூணு போச்சு. இடது பக்கம் உட்கார்ந்திருந்த கிளீனர் பையனுக்கு முழங்காலுக்குக் கீழே கால் போச்சு. அவனுக்கு அப்ப 17 வயசு.

"தூங்கிட்டேன் கண்ணு. நான்தான் தூங்கினேன்." சித்தப்பா இதைத் தவிர வேற எதையும் சொன்னதில்லை. போலீஸ்காரர்கிட்ட, கோர்ட்டுல, அந்தப் பையனோட அம்மாகிட்ட, எல்லார்கிட்டயும் இதே வார்த்தைதான். அதுக்கப்புறம் அவர் பெரிய வண்டி ஓட்டவே இல்லை.

அவர் சொல்லாத ஒண்ணு இருந்துச்சு. அந்த வண்டிக்கு நேஷனல் பர்மிட். 1989-ம் வருஷ மத்திய மோட்டார் வாகன விதிகள்படி நேஷனல் பர்மிட் வண்டியில ரெண்டு டிரைவர் இருந்தாகணும். மாத்து டிரைவர் காலை நீட்டிப் படுக்கிற மாதிரி பின்னால ஒரு சீட்டும் இருக்கணும். சீட்டு இருந்துச்சு. ரெண்டாவது டிரைவர் காகிதத்துல மட்டும் இருந்தார். ஓனர் யாருன்னு இங்க எழுதப் போறதில்லை. அவரும் அன்னைக்கு எல்லா ஓனரும் செஞ்சதைத்தான் செஞ்சார்.

கொசுவர்த்தி முடிஞ்சது. விஷயத்துக்கு வருவோம்.

ஒரு நம்பர் மாத்துற வேலை

2003 கடைசியில நான் பொட்டி தட்டறதுக்காக நியூஜெர்சி வந்து சேர்ந்தேன். கிடைச்ச முதல் ப்ராஜெக்ட் ஒரு சரக்குப் போக்குவரத்துக் கம்பெனிக்கு டிஸ்பாட்ச் சாஃப்ட்வேர். (வேலை தேடி ஓடி ஓடி கடைசியில லாரி ஷெட்டுலயே வந்து விழுந்தியான்னு அப்பா சிரிச்சார்.) என் மேசைக்கு வந்த முதல் வேலை இதுதான்: 10-ஐ 11 ஆக்கு, 15-ஐ 14 ஆக்கு, 8-ஐ 10 ஆக்கு. 2004 ஜனவரி 4-ந்தேதிக்குள்ள முடிச்சாகணும்.

என்ன நம்பர் இதெல்லாம்னு கேட்டப்பதான் தெரிஞ்சது. அமெரிக்காவுல ஒரு டிரக் டிரைவர் எத்தனை மணி நேரம் ஓட்டலாம், எத்தனை மணி நேரம் ஓய்வு எடுத்தாகணும்னு மத்திய அரசு விதி இருக்கு. 'ஹவர்ஸ் ஆஃப் சர்வீஸ்'னு பேரு. அறுபத்தஞ்சு வருஷமா கிட்டத்தட்ட அசையாம இருந்த விதி அந்த ஜனவரியில மாறுச்சு. எனக்கு அது மூணு நம்பர். ஆனா அதோட வரலாறைத் தோண்டத் தோண்ட, ஆதிலாபாத் ரோடு ஞாபகத்துக்கு வந்துக்கிட்டே இருந்துச்சு.

1938: பத்து மணி நேரம்

1930-கள்ல அமெரிக்கா பெரும் பஞ்சத்துல கிடந்த நேரம். வேலை இல்லாதவன் கையில கொஞ்சம் காசு இருந்தா ஒரு டிரக்கை தவணைக்கு வாங்கி ரோட்டுல இறக்கிடுவான். போட்டியில வாடகை அடிமட்டத்துக்குப் போச்சு. தவணை கட்டறதுக்காக ராத்திரி பகல் பார்க்காம ஓட்டினாங்க. (1940-ல் வந்த 'தே டிரைவ் பை நைட்' படத்துல, தூங்கிப் போய் வண்டியைக் கவிழ்த்து ஒரு கையை இழக்கிற டிரைவரா ஹம்ஃப்ரி போகார்ட் நடிச்சிருப்பார். கிடைச்சா பாருங்க.)

1935-ல் ரூஸ்வெல்ட் கையெழுத்துப் போட்ட மோட்டார் கேரியர் சட்டம், டிரக் தொழிலை மாநிலங்களுக்கு இடையிலான வணிக ஆணையத்தோட கட்டுப்பாட்டுக்குள்ள கொண்டு வந்துச்சு. யாருக்கு பர்மிட், என்ன வாடகை, டிரைவர் எத்தனை மணி நேரம் வேலை செய்யலாம், எல்லாம் ஆணையம்தான். 1937 டிசம்பர்ல ஆணையம் முதல் விதியைப் போட்டுச்சு: ஒரு நாளைக்கு 12 மணி நேர வேலை. தொழிற்சங்கங்கள் 8 மணி நேரம் கேட்டு சண்டை போட்டாங்க. பேரம் நடந்து 1938-ல் ஒரு நடுவாந்திர நம்பர் வந்துச்சு: 24 மணி நேரத்துல 10 மணி நேரம் ஓட்டலாம், 8 மணி நேரம் ஓய்வு, 7 நாள்ல மொத்தம் 60 மணி நேர வேலை (வாரம் முழுக்க வண்டி ஓடற கம்பெனின்னா 8 நாள்ல 70).

பாருங்க, இந்த 10-ங்கற நம்பர் ஆராய்ச்சிக் கூடத்துல இருந்து வரலை. தூக்கத்தைப் பத்தின விஞ்ஞானமே அப்ப தவழ்ந்துக்கிட்டு இருந்த குழந்தை. பேரத்துல வந்த நம்பர் அது.

அதே 1938-ல் இன்னொரு சட்டமும் வந்துச்சு. நியாயமான உழைப்புத் தரச் சட்டம். குறைந்தபட்சக் கூலி, வாரத்துக்கு இத்தனை மணிக்கு மேல போனா ஒன்றரை மடங்கு ஓவர்டைம்னு சொன்ன சட்டம். (ஆரம்பத்துல 44 மணி, ரெண்டு வருஷத்துல 40.) அதுல ஒரு விலக்கு: ஆணையத்தோட நேர விதிக்குள்ள வர்ற டிரைவர்களுக்கு ஓவர்டைம் கிடையாது. காரணம்? 'அவங்களுக்குத்தான் தனியா நேர விதி இருக்கே.' ஃபேக்டரிக்காரனுக்கு 40 மணி தாண்டினா ஒன்றரை மடங்கு கூலி. டிரைவருக்கு 60, 70 மணி வரைக்கும் அதே கூலி. அந்த விலக்கை இன்னும் எடுக்கலை.

என்னைக் கேட்டா, அடுத்த எண்பது வருஷத்துப் பிரச்சினைக்கும் விதை அங்க போட்டதுதான். நேரத்துக்கு ஒரு சட்டம், கூலிக்கு வேற சட்டம். ரெண்டும் ஒண்ணை ஒண்ணு பார்த்துக்கவே இல்லை.

காமிக்ஸ் புத்தகம்

விதி போட்டா கண்காணிக்கணுமே? அதுக்கு வந்ததுதான் லாக் புக். ஒரு பக்கத்துக்கு ஒரு நாள். 24 கட்டம். நாலு கோடு: ஓய்வு, படுக்கையில ஓய்வு, ஓட்டுதல், ஓட்டாம வேலை. டிரைவரே கோடு இழுத்து நிரப்பிக்கணும்.

தன்னோட பரீட்சைப் பேப்பரைத் தானே திருத்திக்கிற மாதிரி. என்ன நடக்கும்? அங்கத்திய டிரைவர்களே அதுக்கு 'காமிக்ஸ் புத்தகம்'னு பேரு வச்சாங்க. சிலர் ரெண்டு மூணு புத்தகம் வச்சிருந்தாங்க, போலீசுக்கு ஒண்ணு, கம்பெனிக்கு ஒண்ணு, நிஜத்துக்கு ஒண்ணு.

1962-ல் ஒரு திருத்தம் வந்துச்சு. '24 மணி நேரத்துல'ங்கற வார்த்தையை எடுத்துட்டாங்க. பார்க்க சின்ன விஷயம். கணக்குப் போட்டுப் பாருங்க: 10 மணி ஓட்டு, 8 மணி தூங்கு, மறுபடி ஓட்டு. ஒரு சுற்று 18 மணி நேரம்தான். அப்ப 24 மணி நேரத்துக்குள்ள சட்டப்படியே 16 மணி நேரம் ஓட்டலாம்! அதைவிட மோசம், இன்னைக்கு காலை 6 மணிக்குக் கிளம்பினவன் நாளைக்கு ராத்திரி 12 மணிக்குக் கிளம்புவான், அடுத்தது மாலை 6 மணிக்கு. உடம்போட கடிகாரம் ஒரு பக்கம், வண்டியோட கடிகாரம் இன்னொரு பக்கம்.

நடுவுல 1980-ல் ஜிம்மி கார்ட்டர் ஒரு புது மோட்டார் கேரியர் சட்டத்துல கையெழுத்துப் போட்டார். பர்மிட், வாடகைக் கட்டுப்பாடு பெரும்பாலும் ஒழிஞ்சது. சரக்கு வாடகை இறங்குச்சு, கடையில சாமான் விலைக்கு நல்லது. ஆனா தொழிற்சங்கம் பலவீனமாச்சு, டிரைவர் கூலி சரிஞ்சது. மைக்கேல் பெல்சர்னு ஒரு ஆய்வாளர் - ஒரு காலத்துல அவரே டிரக் ஓட்டினவர் - 2000-ல் 'ஸ்வெட்ஷாப்ஸ் ஆன் வீல்ஸ்'னு ஒரு புத்தகமே எழுதினார். நீண்ட தூர டிரைவருக்குக் கூலி மைலுக்கு இத்தனை சென்ட். சக்கரம் சுத்தினா காசு, நின்னா பூஜ்யம். இப்படிக் கூலி கொடுத்துட்டு 'பத்து மணி நேரத்துக்கு மேல ஓட்டாதே'ன்னா, அவன் பென்சிலை எடுத்து கோட்டை மாத்திப் போடாம என்ன செய்வான்?

1990-ல் அமெரிக்க தேசியப் போக்குவரத்துப் பாதுகாப்பு வாரியம், டிரைவர் செத்துப்போன 182 கனரக டிரக் விபத்துகளை எடுத்து அலசுச்சு. அதுல 31 சதவீதத்துக்கு களைப்புதான் காரணம்னு வந்துச்சு. ஒயரையும் பிரேக்கையும் சோதிச்சுக்கிட்டு இருந்தவங்க, கண் இமையைக் கவனிக்க ஆரம்பிச்சது அப்பதான்.

அதே 1993

1993 அக்டோபர். மெய்ன் மாநிலம். நெடுஞ்சாலையோட ஓரத்துல ஒதுங்கி நின்னுக்கிட்டிருந்த ஒரு கார் மேல ஒரு டிரக் ஏறுச்சு. டிரைவர் தூங்கிட்டார். உள்ள இருந்த நாலு பதின்ம வயசுப் பசங்க செத்துப் போனாங்க. அதுல ஒரு பையனோட அம்மா டாஃப்னி ஐசர். அவங்க ஆரம்பிச்ச அமைப்புக்குப் பேரு 'களைத்த டிரக் டிரைவர்களுக்கு எதிரான பெற்றோர்'. லாக் புக் பொய், வண்டியிலேயே மின்னணுப் பதிவுக் கருவி வேணும்னு அந்த அம்மா இருபது வருஷத்துக்கு மேல போராடினாங்க.

இதை முதல் தடவை படிச்சப்ப தேதியை ரெண்டு தடவை பார்த்தேன். எங்க வீட்டு விபத்துக்கு ரெண்டு மாசம் முன்னாடி. அங்கயும் ரோட்டோரம் நின்ன வண்டி, அங்கயும் தூக்கம். அங்க ஒரு அம்மா சட்டத்தை மாத்தக் கிளம்பினாங்க. இங்க அந்தக் கிளீனர் பையனோட அம்மா எங்க சித்தி கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதுட்டுப் போயிட்டாங்க. அவ்வளவுதான்.

2004: நிறுத்த முடியாத கடிகாரம்

1995-ல் ஆணையத்தை மூடின அதே சட்டம், நேர விதியைத் திருத்தவும் உத்தரவு போட்டுச்சு. சண்டை சச்சரவுக்குப் பிறகு 2003-ல் புது விதி வந்து, 2004 ஜனவரியில அமலாச்சு (என் மூணு நம்பர்!). ஓட்டறது 10-ல இருந்து 11 ஆச்சு. ஓய்வு 8-ல இருந்து 10 ஆச்சு. வேலை ஆரம்பிச்ச 14-வது மணி நேரத்துக்கு அப்புறம் ஓட்டக் கூடாது. தொடர்ந்து 34 மணி நேரம் ஓய்வு எடுத்தா வாரக் கணக்கு பூஜ்யத்துல இருந்து ஆரம்பிக்கும்.

நல்ல விதி மாதிரிதானே இருக்கு? நானும் அப்படித்தான் நினைச்சேன். அப்புறம் ஒரு நாள் கம்பெனியில ஒரு பழைய டிரைவரோட வண்டியில என்னை ஏத்தி அனுப்பினாங்க, சாஃப்ட்வேர் எழுதறவன் நிஜத்தைப் பார்க்கட்டும்னு. எழுபதுகள்ல ஓட்ட ஆரம்பிச்சவர். ஒரு கிடங்குல சரக்கு இறக்க காலை 8 மணிக்கு அப்பாயிண்ட்மெண்ட். நாங்க ஏழரைக்கே போயிட்டோம். ஒரு மணிக்குத்தான் கூப்பிட்டாங்க. அஞ்சரை மணி நேரம் சும்மா நின்னோம். அந்த நேரத்தை லாக் புக்குல என்னன்னு போடுவீங்கன்னு கேட்டேன். சிரிச்சுக்கிட்டே 'படுக்கையில ஓய்வு'ன்னு கோடு இழுத்தார். வேலைன்னு போட்டா எட்டு நாள் கணக்குல 70 மணி நேரம் தீர்ந்துடும், ஓட்ட நேரம் மிஞ்சாது. அந்த அஞ்சரை மணி நேரத்துக்குக் கூலி? ஒரு சென்ட் கிடையாது.

அவர்தான் இன்னொண்ணும் விளக்கினார். பழைய விதியில வேலை நேரம் 15 மணி, ஆனா நடுவுல ஓய்வு எடுத்தா அந்தக் கடிகாரம் நிற்கும். மதியம் கண்ணைக் கட்டுதா, ரெண்டு மணி நேரம் தூங்கிட்டு ஓட்டலாம். புது விதியில 14 மணிக் கடிகாரம் ஓட ஆரம்பிச்சா நிற்காது. படுக்கை உள்ள வண்டிக்கு கொஞ்சம் சலுகை இருந்துச்சு, 2005-ல் அதையும் இறுக்கிட்டாங்க. அதாவது தூக்கம் வர்றப்ப தூங்கினா தூங்கினவனுக்கு நஷ்டம். களைப்பைத் தடுக்க வந்த விதி, களைச்சப்ப நிறுத்தறவனுக்கு அபராதம் போடுது!

2004 ஜூலையில நீதிமன்றமே அந்த விதியை ரத்து பண்ணுச்சு. சட்டம் டிரைவரோட உடல்நலத்தையும் பார்க்கச் சொல்லுது, நீங்க அதைப் பார்க்கவே இல்லையேன்னு கேட்டாங்க. நாடாளுமன்றம் குறுக்க புகுந்து விதியைக் காப்பாத்துச்சு. 2007-ல் மறுபடி நீதிமன்றம். 2013-ல் அரை மணி நேரக் கட்டாய இடைவேளை வந்துச்சு. அந்த 34 மணி நேர ஓய்வுல ரெண்டு விடியக்காலைகள் இருக்கணும்னும் அப்பவே கொண்டு வந்தாங்க, 2014 டிசம்பர்ல நிறுத்தி வச்சாங்க. ஒவ்வொரு தடவையும் என்னை மாதிரி ஒருத்தன் நம்பரை மாத்திக்கிட்டே இருந்தான்.

அதே 2014 ஜூன்ல நியூஜெர்சி டர்ன்பைக்ல நடந்த விபத்து உங்களுக்கு ஞாபகம் இருக்கலாம். நகைச்சுவை நடிகர் ட்ரேசி மார்கன் போன வேன் மேல ஒரு டிரக் மோதி, அவர் பிழைச்சு, கூட வந்த இன்னொரு கலைஞர் ஜேம்ஸ் மெக்நேர் இறந்து போனார். விசாரணையில வந்தது என்னன்னா, டிரைவர் 14 மணி நேரக் கணக்குக்குள்ளதான் இருந்தார். ஆனா 28 மணி நேரமா தூங்கலை. ஜார்ஜியாவுல இருக்கிற வீட்டுல இருந்து டெலாவேர்ல இருக்கிற வேலை இடத்துக்கு ராத்திரி முழுக்க சொந்த வண்டியில ஓட்டிக்கிட்டு வந்து, அப்படியே டிரக்குல ஏறியிருக்கார். விதியோட கடிகாரம் வேலையில இருந்துதான் ஆரம்பிக்கும். உடம்போட கடிகாரம் எழுந்திரிச்சதுல இருந்து ஆரம்பிக்கும்.

பெட்டி வந்துச்சு

மின்னணுப் பதிவுக் கருவிக்கு 2010-ல் ஒரு விதி போட்டாங்க. கம்பெனிக்காரன் இதை வச்சு டிரைவரைத் துன்புறுத்துவானேன்னு யோசிச்சீங்களான்னு கேட்டு 2011-ல் நீதிமன்றம் அடிச்சுட்டது. 2012-ல் நாடாளுமன்றமே சட்டமாக்குச்சு. 2017 டிசம்பர் 18 முதல் கட்டாயம். இன்ஜினோட இணைஞ்ச பெட்டி, சக்கரம் சுத்தினா தானே கோடு போடும். பென்சில் காலம் முடிஞ்சது. (2000-க்கு முந்தின இன்ஜினுக்கு விலக்குன்னாங்க. பழைய வண்டிக்கு திடீர் மவுசு வந்துச்சு!)

இதுல கம்பெனிகளோட கஷ்டத்தையும் சொல்லணும், நியாயம்னா ரெண்டு பக்கமும்தான். பெரிய கம்பெனிகள் முன்னாடியே பெட்டிக்கு மாறிட்டாங்க, 'எல்லாருக்கும் கட்டாயமாக்கு, அப்பதான் போட்டி சமம்'னு ஆதரிச்சாங்க. அடி வாங்கினது ஒரு வண்டி, ரெண்டு வண்டி வச்சிருக்கிறவங்க. முன்னாடி கோட்டை வளைச்சு ஒரே நாள்ல முடிச்ச 600, 650 மைல் டிரிப் இப்ப ரெண்டு நாள். மாடு ஏத்திக்கிட்டுப் போறவங்க நிலைமை இன்னும் மோசம். நடு ரோட்டுல நேரம் முடிஞ்சா, வெயில்ல மாட்டை வச்சுக்கிட்டு பத்து மணி நேரம் நிற்க முடியுமா? அவங்களுக்கு விலக்கு கொடுத்தாங்க.

விபத்து குறைஞ்சதான்னா, அங்கதான் சிக்கல். ஸ்காட், பால்த்ராப், மில்லர்னு மூணு ஆய்வாளர்கள் அரசாங்கப் புள்ளிவிவரங்களை அலசினாங்க. நேர விதி மீறல் நல்லாவே குறைஞ்சிருக்கு. ஆனா விபத்து குறைஞ்சதா தெரியலை. சின்ன கம்பெனி வண்டிகள்ல வேகமா ஓட்டினதுக்கான வழக்குகள் கூடியிருக்கு. நேரத்தைத் திருட முடியலைன்னா வேகத்தைத் திருடறான். கூலி மைலுக்குத்தானே?

நிறுத்தணும்னா இடமும் வேணுமே. 2009-ல் தெற்கு கரோலினாவுல ஒரு டிரைவர், சரக்கு இறக்க வேண்டிய நேரத்துக்கு முன்னாடியே போய்ச் சேர்ந்ததால, கைவிடப்பட்ட ஒரு பெட்ரோல் பங்க்குல வண்டியை நிறுத்தித் தூங்கினார். கொள்ளைக்காரன் சுட்டுக் கொன்னான். கிடைச்சது ஏழு டாலர். அவர் பேர்லதான் 2012-ல் 'ஜேசன் சட்டம்' வந்துச்சு, டிரக் நிறுத்த இடம் கட்டறதுக்காக. 'ஓய்வு எடு'ன்னு 1938-ல் சொன்னவங்க, 'எங்க?'ங்கற கேள்விக்கு வர 74 வருஷம் ஆச்சு.

2020 மார்ச்ல கொரோனா வந்தப்ப இன்னொரு கூத்து. அவசர நிவாரணச் சரக்குக்கு நாடு முழுக்க நேர விதியையே தள்ளி வச்சாங்க. நாடு முழுக்க அப்படிச் செஞ்சது அதுதான் முதல் தடவை. அதே வருஷம் செப்டம்பர்ல, 7 மணி, 3 மணின்னு தூக்கத்தைப் பிரிச்சு எடுத்தா 14 மணிக் கடிகாரம் நிற்கும்னு விதியைத் தளர்த்தினாங்க. அந்தப் பழைய டிரைவர் 2004-ல் என்கிட்ட கேட்டது கிட்டத்தட்ட இதைத்தான்.

ஐரோப்பாவுல மட்டும் கொஞ்சம் வேற மாதிரி யோசிச்சாங்க. நாளைக்கு 9 மணி நேரம் (வாரத்துல ரெண்டு நாள் மட்டும் 10), நாலரை மணி நேரம் ஓட்டினா 45 நிமிஷம் இடைவேளை. இதெல்லாம் நம்பர். முக்கியமானது 2006-ம் வருஷ விதியில இருக்கிற இன்னொரு வரி: சாலைப் பாதுகாப்புக்கு ஆபத்து வர்ற மாதிரி தூரத்தைக் கணக்குப் பண்ணிக் கூலி கொடுக்கக் கூடாது. நேரமும் கூலியும் ஒரே காகிதத்துல வந்துச்சு!

நம்ம ஊர்ல சட்டமே இல்லையா?

இருக்கு. அதுதான் வேடிக்கை. 1939-ம் வருஷ மோட்டார் வாகனச் சட்டத்துலயே நாளைக்கு 9 மணி, வாரத்துக்கு 54 மணின்னு வரம்பு இருந்துச்சு. 1961-ல் மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர் சட்டம் வந்துச்சு: நாளைக்கு 8 மணி, வாரத்துக்கு 48, நீண்ட தூரம்னா அனுமதி வாங்கி 10 மணி, 54. அஞ்சு மணி நேரத்துக்கு ஒரு தடவை அரை மணி ஓய்வு. ரெண்டு நாள் வேலைக்கு நடுவுல தொடர்ந்து 9 மணி நேரம் ஓய்வு. காகிதத்துல பார்த்தா அமெரிக்காவை விடக் கண்டிப்பு!

ஆனா அந்தச் சட்டம் யாருக்குன்னா, அஞ்சு அல்லது அதுக்கு மேல தொழிலாளி வச்சிருக்கிற நிறுவனத்துக்கு. நம்ம சங்ககிரியில ஒரு வண்டி, ரெண்டு வண்டி வச்சிருக்கிற ஓனர்தானே அதிகம்? சட்டம் அவங்க வாசலோட நின்னுடும். அமெரிக்காவுல விதி டிரைவரோட தலையில உட்கார்ந்துச்சு, சொந்த வண்டியா இருந்தாலும் விடாது. நம்ம சட்டம் முதலாளியோட ஆள் கணக்கைப் பார்த்துச்சு. எண்பதுகள்ல சித்தப்பா ஒட்டின வண்டிக்கும் அந்தச் சட்டத்துக்கும் சம்பந்தமே இருந்ததில்லை. தொண்ணூறுகள்ல அவருக்குப் பாதுகாப்பா இருந்திருக்க வேண்டியது அந்த ரெண்டு டிரைவர் விதி. 2018-ல் அதையும் எடுத்துட்டாங்க, 'நடைமுறையில யாரும் கடைப்பிடிக்கிறதில்லை'ங்கற மாதிரி.

2017-ல் ஜிஎஸ்டி வந்து செக்போஸ்ட் போனதுல காத்துக் கிடக்கிற நேரம் குறைஞ்சது உண்மை. 2021-ல் அமைச்சர் நிதின் கட்கரி, விமானிக்கு இருக்கிற மாதிரி டிரக் டிரைவருக்கும் ஓட்டற நேரத்தை நிர்ணயிக்கணும்னு சொன்னார். 2025 அக்டோபர்ல இருந்து புது லாரி கேபினுக்கு ஏசி கட்டாயம். அதே வருஷம் நவம்பர்ல புதுத் தொழிலாளர் தொகுப்புச் சட்டங்கள் அமலுக்கு வந்து, 1961 சட்டம் அதுக்குள்ள கரைஞ்சு போச்சு. டிரைவருக்கு இதுல என்ன மிஞ்சுதுன்னு இனிமேதான் பார்க்கணும். நடுவுல ரிவிகோன்னு ஒரு கம்பெனி 2014-ல் ரிலே முறை கொண்டு வந்தாங்க. ஒரு டிரைவர் நாலஞ்சு மணி நேரம் ஓட்டி அடுத்தவர்கிட்ட வண்டியைக் கொடுத்துட்டு, எதிர்ப்பக்கம் வர்ற வண்டியை எடுத்துக்கிட்டு அன்னைக்கே வீட்டுக்குப் போயிடலாம். பெருசா பேசினாங்க, கடைசியில 2022-ல் தொழிலை மஹிந்திரா லாஜிஸ்டிக்ஸுக்கு வித்துட்டாங்க. டிரைவரைத் தூங்க வைக்கிறது செலவு பிடிச்ச வேலைதான் போல.

சித்தப்பா கேட்ட கேள்வி

போன மாசம் திண்ணையில உட்கார்ந்து இதையெல்லாம் சித்தப்பாகிட்ட சொன்னேன். 11 மணி நேரம், பெட்டி, நேரம் முடிஞ்சா வண்டியை ஓரம் கட்டியே ஆகணும், எல்லாத்தையும். அவருக்கு இப்ப எழுபத்தி மூணு வயசு. பொறுமையா கேட்டுக்கிட்டார்.

"நல்லதுதான் கண்ணு. ஓரங் கட்டினா அந்த நேரத்துக்கு யாரு கூலி குடுப்பாங்க?"

"யாரும் தர்றதில்லைங்க சித்தப்பா. மைலுக்குத்தான்."

"அப்ப அங்கயும் நம்மூர் மாதிரியேதான்" என்றார். கொஞ்ச நேரம் கழிச்சு அவரே சொன்னார், அந்த டிரிப்புல நாக்பூர்ல லோடு ஏத்த ரெண்டு நாள் காத்துக் கிடந்தாராம். ஆரஞ்சு அழுகிடும், விடியறதுக்குள்ள ஹைதராபாத் தாண்டியாகணும்னு புக்கிங் ஆபீஸ்ல சொல்லி அனுப்பினாங்களாம். ரெண்டு நாள் காத்திருந்ததுக்கு படி கூட கிடையாது. முப்பது வருஷமா இதை அவர் யார்கிட்டயும் சொன்னதில்லை.

நான் சொன்னேன், "நீங்க மட்டும் தூங்கலைங்க சித்தப்பா."

அவர் பதில் சொல்லலை. அந்தக் கிளீனர் பையன் - பையன் என்ன, இப்ப ஐம்பது தாண்டியிருக்கும் - எடப்பாடி பக்கம் பெட்டிக்கடை வச்சிருக்கார். வருஷா வருஷம் தீபாவளிக்கு சித்தப்பா போய்ப் பார்த்துட்டு வர்றார்னு சித்திதான் அப்புறம் சொன்னாங்க. அதுவும் எனக்குத் தெரியாது.

எண்பது வருஷ வரலாறைப் படிச்சதுல எனக்குப் புரிஞ்சது இவ்வளவுதான்: ஓட்டற நேரத்துக்கு வரம்பு வேணும், கண்டிப்பா வேணும். ஆனா காத்திருக்கிற நேரத்துக்கும் தூங்கற நேரத்துக்கும் கூலி இல்லாத வரைக்கும், அந்த வரம்போட செலவை டிரைவர்தான் தன் சட்டைப் பையில இருந்து கட்டறார். கட்ட முடியாதப்ப பென்சிலை எடுப்பார், இல்லைன்னா ஆக்ஸிலரேட்டரை மிதிப்பார், அதுவும் இல்லைன்னா கண்ணைத் திறந்துக்கிட்டே தூங்குவார். சரக்கைக் காக்க வைக்கிறவன்கிட்ட அந்தச் செலவை வாங்கினா, கிடங்குல அஞ்சரை மணி நேரம் யாரையும் நிற்க வைக்க மாட்டாங்க.

அடுத்த தடவை ராத்திரி பஸ்ல போறப்ப, முன்னால லாரி ஓரங் கட்டி நின்னா 'இவன் ஏன் இங்க நிறுத்தறான்'னு திட்டாதீங்க மக்கா. நல்ல வேளை நிறுத்தினான்னு நினைச்சுக்கோங்க.

டிஸ்கி: நான் வக்கீல் இல்லை, பொட்டி தட்டறவன். விதிகள்ல இன்னும் நிறைய உட்பிரிவு, விலக்கெல்லாம் இருக்கு, பதிவு நீளம் கருதி விட்டுட்டேன். உங்க வீட்டுலயும் ஸ்டியரிங் பிடிச்சவங்க இருந்தா அவங்க கதையைப் பின்னூட்டத்துல எழுதுங்க. நாமக்கல், சங்ககிரி மக்கள்ஸ், குறிப்பா உங்களைத்தான் சொல்றேன் :-)